மூன்றாவது கதவின் தாழ்ப்பாள்

சிரிப்பு நாடகத்தில் நடிகர்களைவிடக் கதவுகளுக்குத்தான் வேலை அதிகம். மைசூரில் ஒரு தமிழ் நாடகக் குழுவில், மேடையில் நிற்கும் நான்கு பிளைவுட் கதவுகளைப் பின்னாலிருந்து திறந்து மூடுவது என் பிழைப்பு. ஒரு நொடி பிந்தினாலும் நடிகர் பின்னாலேயே நிற்பார், சிரிப்பு செத்துவிடும். திட்டு விழுவதற்கு முன்பே பயந்து பழகியவர்களுக்கு என் நிலைமை புரியும்.

பட்டதாரி

மார்டள்ளி கிராமத்தில் எங்கள் குடும்பத்தில் முதலில் பட்டம் வாங்கியவன் நான். மஞ்சள் விற்க மைசூர் தேவராஜ மொஹல்லா சந்தைக்கு வந்த அப்பா, ஒத்திகையை எட்டிப் பார்த்தார். நான் கதவுகளுக்குப் பின்னால் ஓடுவதை ஒரு மணி நேரம் கவனித்தார். பிறகு கேட்டார்: "கதவுக்கு முன்னால நிக்கறதுக்கு இன்னும் எத்தன வருசம்டா படிக்கோணும்?"

எழுதியவர்

பல நூறு வருடங்களுக்கு முன் ஊரையே கிண்டலடித்த பிரெஞ்சுக்காரர் ஒருவரின் பாணியில் அமைந்த நாடகம் அது. அதில் ஒரு டாக்டர், நாடியைப் பார்க்காமல் வீட்டின் மாடிகளை எண்ணி மருந்து எழுதுவார். அரங்க வாடகையை ஏற்றிருந்த கிளினிக் முதலாளி, அவரும் ஒரு டாக்டர், ஒத்திகை பார்த்துச் சிவந்துபோனார். இயக்குநர் அந்தப் பிரெஞ்சுக்காரர்மேல் பழியைப் போட்டுத் தப்பப் பார்த்தார். முதலாளி விடவில்லை. "எங்க கிளினிக் விஷயம் வெளிய எப்படிப் போச்சு? அந்த ரைட்டரை நாளைக்கே வந்து என்னைப் பார்க்கச் சொல்லுங்க, சுவாமி!"

சலுகை

முதல் நாள் ஆட்டத்துக்கு முன், முதலாளியின் மேனேஜர் திரைக்குப் பின்னால் வந்தார். டாக்டர் நுழைவது மூன்றாவது கதவில். அது திறக்காவிட்டால் அந்தக் காட்சியே இல்லை. தோளில் கை போட்டுச் சொன்னார்: "கிளினிக்ல உனக்கு ஆபீஸ் வேலை, ஆர்டர் என் பையில இருக்கு. கதவு சிக்கிக்கிச்சுன்னு சொல்லு, போதும்."

முன்வரிசை

அந்தக் கதவு ஒத்திகையில் இரண்டு முறை உண்மையாகவே சிக்கியிருந்தது. நான் பொய் சொன்னால் எல்லோரும் நம்புவார்கள். அதுதான் என்னைக் குடைந்தது. டாக்டர் வேஷக்காரர் பெட்டியோடு பக்கத்தில் நின்று, "என்ன குரு, தெறக்கலையா?" என்று கிசுகிசுத்தார்.  மேனேஜர் பையிலிருந்த ஆர்டரை நினைத்துக்கொண்டே தாழ்ப்பாளை இழுத்தேன்.

அரங்கம் அதிர்ந்தது. முதலாளி சிரிக்கவில்லை. பக்கத்தில் அவர் மனைவி சிரித்துச் சிரித்துக் கண்ணைத் துடைத்துக்கொண்டிருந்தார். ஆட்டம் முடிந்ததும் மேனேஜர் ஆர்டரை என் முன்னால் கிழித்தார். அவரைத் தாண்டி வந்த அந்த அம்மா என்னிடம் கேட்டார்: "தம்பி, நாளைக்கும் இருக்குதானே? எங்க அக்காவைக் கூட்டிட்டு வரணும், இவரைப் பத்தி அவளுக்கு நல்லாவே தெரியும்!"

இன்று மாலையும் அந்தக் கதவைத் திறக்கத்தான் போகிறேன். ஊரில் ஒரு டாக்டரைப் பகைத்துக்கொண்டவன், காய்ச்சல் மட்டும் வராமல் பார்த்துக்கொள்ள வேண்டும்.