எஸ்தர் அக்கா சுரண்டிய ஓரம்

எஸ்தர் அக்கா போய்விட்டார் என்று டெலிபோனில் சொன்னார்கள். "எந்த எஸ்தர்?" என்று கேட்டேன். நம் ஆவணப்பட ஆபீசில் இருந்ததே ஒரே எஸ்தர்தான். அன்றைக்குக் குழம்பியவன் இன்னும் தெளியவில்லை.

அவர் வேலை ஆபீசில் கூட இருந்த உங்களுக்குத் தெரியும். நான் படத்தை வெட்டி ஒட்டுகிறவன். அதற்குப் பழைய காட்சிகளைத் தேடிக் கொண்டுவருகிறவர் அக்கா. சுதந்திரம் வந்த பிறகு காக்ஸ் டவுனில் எந்த வெள்ளைக்காரர் வீட்டைக் காலி செய்தாலும், மூட்டை கட்டும் முன்னே வாசலில் நிற்பார். அவர்கள் பொழுதுபோக்காக எடுத்த படச்சுருளைக் கேட்டு வாங்கி, வேண்டிய துண்டை வெட்டிக்கொண்டு மீதியைத் திருப்பிக் கொடுத்துவிடுவார்.

யார் சொல்லும் வருஷத்தையும் நம்பமாட்டார். பிலிம் எந்த வருஷம் தயாரானது என்பதற்குக் கம்பெனிக்காரர்கள் ஓரத்தில் பொடியாக ஒரு குறி போட்டிருப்பார்கள். லென்ஸை வைத்து அதைப் பார்ப்பார். "ஆளைக் கேக்காதப்பா, ஓரத்தைக் கேளு" என்பார். ஒரு வருஷம் முன்னே பின்னே இருந்தால் என்ன குடியா முழுகிவிடும் என்று நான் கத்தியிருக்கிறேன். "முழுகும்" என்று சொல்லிவிட்டு வேலையைப் பார்ப்பார்.

கன்டோன்மென்ட் தெருக்களைப் பற்றிய படத்துக்கு ஒரு சுருள் கிடைத்தது. அதில் இருப்பவர்கள் யார் எவர் என்று தெரிந்துகொள்ள, வழக்கம்போல அந்தப் பக்கத்து ஜனங்களைக் கூப்பிட்டு, வேட்டியைத் திரையாகக் கட்டிக் காட்டினார். படத்தில் ஒரு சைக்கிள் கடை வாசலில் ஒருவர் சிரித்துக்கொண்டு நின்றார். தொம்மலூர் கன்னியம்மா எழுந்துவிட்டார். திரையில் நின்றது பர்மா சண்டைக்குப் போன அவர் புருஷன். செத்ததாகவும் தகவல் இல்லை, இருப்பதாகவும் தகவல் இல்லை.

"எப்போ புடிச்சதும்மா இது?"

"சண்டைக்கு முன்னே" என்றார் அக்கா. லென்ஸைத் தொடக்கூட இல்லை.

மறுநாள் அந்தத் துண்டைப் படத்தில் சேர்க்க வேண்டாம் என்றார். ஏன் என்று கேட்டதற்கு, "வேணாம்ப்பா, விடு" என்றார். நானும் விட்டுவிட்டேன்.

அடக்கத்தன்று கன்னியம்மா என் கையைப் பிடித்துக்கொண்டார். "ஐயா, அந்தம்மா சொன்னது நெசந்தானே? அவரு உசுரோட திரும்பி வந்து, என்னைப் பாக்காமலே எங்கியாச்சும் போயிருந்தா நான் தாங்கமாட்டேன்." பார்த்துச் சொல்கிறேன் என்றேன்.

துண்டு அக்காவின் மேஜை டிராயரில்தான் இருந்தது. குறி இருக்கவேண்டிய ஓரம் முழுக்க பிளேடால் சுரண்டியிருந்தது. எனக்குத் தலையும் புரியவில்லை, காலும் புரியவில்லை. பழைய வருஷம் என்றால் ஏன் சுரண்டவேண்டும்? சண்டை முடிந்த பிறகு எடுத்தது என்றால், வருஷ விஷயத்தில் என்னைப் பாடாய்ப் படுத்தியவர் எப்படிக் கூசாமல் பொய் சொன்னார்? ஒருவேளை பார்க்காமலேயே சுரண்டிவிட்டாரா? கோபம் வருகிறது, அழுகையும் வருகிறது. கேட்கத்தான் அவர் இல்லை.

ஞாயிற்றுக்கிழமை தொம்மலூருக்குப் போனேன். கன்னியம்மா வாசலிலேயே நின்றிருந்தார்.

"பாத்தீங்களாய்யா?"

"பார்த்தேம்மா. சண்டைக்கு முன்னே எடுத்ததுதான்."

அவர் அப்படியே உட்கார்ந்து, புருஷன் பேரைச் சொல்லி அழுதார். எஸ்தர் அக்காவிடமிருந்து நான் வைத்துக்கொண்டிருப்பது அந்தப் பதில் ஒன்றுதான்.