வில்லாவுட்டில் பிறந்த கழகம்

அந்த உதைபந்தாட்டக் கழகத்தில் என்னைச் சேர்த்தவர் ஒரு ஜெர்மன் கிழவர். அவர் முதலில் கேட்டது என் பெயரை அல்ல, சப்பாத்தின் அளவை.

அப்போது நான் லிட்கம் என்ற புறநகரில் பாண் சுடும் ஒரு தொழிற்சாலையில் வேலை செய்துகொண்டிருந்தேன். ரயிலுக்கு நடந்து போகும் வழியில் ஒரு மைதானம். ஒரு சனிக்கிழமை அங்கே உதைபந்தாட்டம் நடந்துகொண்டிருந்தது. ஒரு பக்கத்தில் ஆட்கள் குறைவு. கோலுக்குள் நின்றவர் வயிறு பெருத்த மனிதர், குனிய முடியாமல் பந்தை விட்டுக்கொண்டிருந்தார். எனக்குப் பொறுக்கவில்லை. வேலிக்கு வெளியே நின்றபடி "இடப்பக்கம்! இடப்பக்கம்!" என்று தமிழில் கத்திவிட்டேன். பக்கத்தில் நின்ற கிழவர் திரும்பி என்னையும் என் கைகளையும் பார்த்தார். பிறகுதான் சப்பாத்து அளவைக் கேட்டார்.

அடுத்த சனிக்கிழமை கோலுக்குள் நான் நின்றேன். அதற்கடுத்த கிழமை, நான் குடியிருந்த கிரவீனில் என்னோடு ஒரே வீட்டில் இருந்தவர்களையும் கூட்டிக்கொண்டு போனேன். எல்லோரும் படகில் வந்தவர்கள், இடைக்கால விசாவில் இருந்தவர்கள். அவர்களில் ஒருவன் மன்னார்க்காரன். என்னோடு ஒரே படகில் வந்தவன். இடது பின்களத்தில் அவன் நின்றால் என் வேலை பாதியாகிவிடும். வீட்டிலும் அப்படித்தான். அவன் சமைத்தால் யாரும் கடைக்குப் போவதில்லை.

கழகத்தின் கதையைக் கிழவர் கொஞ்சம் கொஞ்சமாகச் சொன்னார். இரண்டாம் உலகப் போருக்குப் பிறகு கப்பலில் வந்த ஜெர்மன்காரர்கள் தொடங்கியது அது. வந்திறங்கியவர்களை அரசாங்கம் வில்லாவுட்டில் இருந்த குடியேறிகள் விடுதியில் வைத்தது. அரைவட்டமான தகரக் கொட்டகைகள். கோடையில் அடுப்பு, மாரியில் ஐஸ்பெட்டி. மூன்று வேளையும் அவித்த ஆட்டிறைச்சி. ஞாயிற்றுக்கிழமைகளில் கொட்டகைகளுக்கு நடுவே இருந்த வெளியில் பந்தடித்தார்கள். அப்படிச் சேர்ந்தவர்கள்தான் பிறகு லிட்கம் பக்கம் ஒரு சதுப்பு நிலத்தைக் கேட்டு வாங்கி, மண்வெட்டியால் மண் நிரப்பி மைதானம் ஆக்கினார்கள். கட்டடத்தின் கூரையைப் போட்டவர் கிழவர்தான். அவர் தச்சர்.

"எங்களை நாசிகள் என்றுதான் கூப்பிட்டார்கள்" என்றார் ஒருநாள். "திரும்பிப் போ என்று கத்துவார்கள். நான் போர் முடியும்போது பள்ளிக்கூடப் பையன்."

தொடங்கியவர்களில் உயிரோடு இருந்தவர் அவர் மட்டும்தான். மற்றவர்களின் பிள்ளைகள் படித்து, வீடு வாங்கி, தூரப் போய்விட்டார்கள். நாங்கள் போன காலத்தில் ஆட்கள் இல்லாமல் கழகத்தை மூடும் பேச்சுத்தான் நடந்துகொண்டிருந்தது. நாங்கள் நிரப்பினோம். பின்னேரங்களில் சொசேஜ் சுடும் அடுப்புக்குப் பக்கத்தில் ஆட்டம் பார்க்க வந்த தமிழ்ப் பெண்கள் மட்டன் ரோல்ஸ் பொரித்தார்கள். அடுத்த பருவத்தில் பிரிவுக் கிண்ணத்தை வென்றோம்.

கழகத்தின் தலைவர் அதைத் தொடங்கியவர்களில் ஒருவரின் பேரன். வீடு விற்கும் தொழில். ஒவ்வொரு ஆண்டு விருந்திலும் எழுந்து நின்று, "எங்கள் தாத்தாக்கள் ஒரே ஒரு சூட்கேசோடு இந்த நாட்டுக்கு வந்தார்கள்" என்று தொடங்குவார். கண் கலங்கும். நாங்கள் கை தட்டுவோம். எங்களில் ஒருவனிடமும் சூட்கேஸ்கூட இருந்ததில்லை என்பது அப்போது பெரிதாகத் தெரியவில்லை.

மன்னார்க்காரனின் அகதி வழக்கு கடைசி மேன்முறையீட்டிலும் தோற்றது. நானும் அவனும் ஒரே படகில் வந்து, ஏறக்குறைய ஒரே கதையைத்தான் சொன்னோம். என் கதையை நம்பினார்கள். அவன் கதையை நம்பவில்லை. ஏன் என்று இன்றுவரை யாரும் எனக்கு விளங்கப்படுத்தவில்லை. ஒரு காலை குடிவரவு அலுவலகத்தில் சந்திப்பு என்று போனவன் திரும்பி வரவில்லை. பின்னேரம் தொலைபேசி வந்தது.

"மச்சான், வில்லாவுட்டில வைச்சிருக்கிறாங்கள். சனிக்கிழமை மட்ச்சுக்கு வேற ஆளைப் பாருங்கோ."

"விசரே உனக்கு? மட்ச்சைப் பற்றியோ இப்ப கதைக்கிறாய்?"

"வேற எதைக் கதைக்கிறது?" என்றான்.

பழைய விடுதி இருந்த இடத்தில்தான் இப்போது தடுப்பு முகாம்; அந்த ஞாயிற்றுக்கிழமை அதன் வாசலில் எதிர்ப்புக் காட்டித் தமிழ் ஆட்கள் கூடி நிற்பதாக ஏற்பாடு. கழகத்திலிருந்தும் யாராவது வந்து நின்றால் நல்லது என்று எனக்குப் பட்டது. பயிற்சி முடிந்ததும் தலைவரிடம் போய்க் கேட்டேன். பேச வேண்டாம், கழகச் சட்டையோடு வந்து நின்றால் போதும் என்றேன்.

"அவன் நல்ல பையன். எனக்கும் கவலைதான்" என்றார். "ஆனால் இது விளையாட்டுக் கழகம். அரசியலை உள்ளே கொண்டுவரக் கூடாது."

"உங்கட தாத்தாவும் அந்த இடத்திலதானே இருந்தவர்?"

"இருந்தார். அவரைக் கூப்பிட்டார்கள், வந்தார். முறைப்படி வந்தார்."

அது உண்மை. கப்பல் காசைக்கூட அரசாங்கம்தான் கொடுத்தது என்று கிழவரே சொல்லியிருக்கிறார். எங்களை யாரும் கூப்பிடவில்லை. கோலுக்குள் நிற்க ஆள் இல்லாதபோது மட்டும் கூப்பிட்டீர்கள் என்று சொல்லியிருக்கலாம். அந்த நேரத்தில் வாயில் வரவில்லை. பிறகு காரில் வரும்போது, குளிக்கும்போது, பாண் தட்டுகளைத் தள்ளும்போதெல்லாம் அதைத் திரும்பத் திரும்பச் சொல்லிக்கொண்டேன். பிந்தி வந்த பதிலால் யாருக்கு என்ன பயன்?

ஞாயிற்றுக்கிழமை கழகத்திலிருந்து ஒருவரும் வரவில்லை. ஆனால் அடுத்த கிழமை கிழவர் என்னிடம் வந்து, "நீ அவனைப் பார்க்கப் போகும்போது நானும் வருகிறேன்" என்றார். அனுமதி எடுத்து அவரையும் கூட்டிக்கொண்டு போனேன். வழக்கமான கழக ஜாக்கெட்டைப் போட்டிருந்தார். எந்தக் கோடையிலும் அதைக் கழற்றாத மனிதர். எனக்குச் சந்தோஷமாக இருந்தது.

வில்லாவுட்டை நெருங்கியதும் அவர் ஜன்னல் பக்கம் திரும்பிவிட்டார். கொட்டகைகளைத் தேடினார். ஒன்றும் இல்லை. வேலியும் கமராக்களும்தான்.

"இங்கேயும் வாசல் இருந்தது" என்றார். "சனிக்கிழமை அதால் வெளியே போய் நடனமாடிவிட்டு வருவோம்."

காரை நிறுத்தினேன். அவர் இறங்கவில்லை. ஜாக்கெட்டை மெதுவாகக் கழற்றி, சின்னம் உள்ளே போகும்படி மடித்து, இருக்கையில் வைத்தார்.

"தலைவர் போன் பண்ணினான்" என்றார் என்னைப் பார்க்காமல். "நான் தனி மனிதனாகப் போவதில் பிரச்சினை இல்லையாம்."

கழகத்தின் கூரையைப் போட்ட மனிதர். ஒரு வார்த்தை எதிர்த்துச் சொன்னாரா என்று நான் கேட்கவில்லை. தலைவர்மேல் வந்த கோபம் வேறு, இது வேறு. இதை என்ன செய்வதென்று எனக்குத் தெரியவில்லை.

உள்ளே மன்னார்க்காரன் அவரைக் கண்டதும் எழுந்து ஓடி வந்தான். "அங்கிள்!" என்று கட்டிப்பிடித்தான். இரண்டு பேரும் ஆட்டத்தைப் பற்றித்தான் பேசினார்கள். அவன் இடத்தில் இப்போது யார் நிற்கிறார், எவ்வளவு மோசமாக நிற்கிறார் என்று கிழவர் மேசைமேல் கோப்பைகளை வைத்துக் காட்டினார். அவன் சிரித்தான். நான் மட்டும் சிரிக்க முடியாமல் இருந்தேன். திரும்பும் வழியில் கிழவர் அழுதார். நான் அவரைத் தேற்றவில்லை.

வந்த சனிக்கிழமை தமிழர்கள் ஒருவரும் ஆடப் போகவில்லை. கழகம் ஆட்டத்தை விட்டுக்கொடுக்க வேண்டியதாயிற்று. தலைவர் போனில், "உங்களுக்கு எவ்வளவு செய்தோம்" என்றார். என்ன செய்தீர்கள் என்று கேட்டேன். இந்த முறை வாயில் வந்தது. அவர் போனை வைத்துவிட்டார். அடுத்த பருவத்துக்குள் புதுப் புல்தரையும் விளக்குகளும் வந்தன. அவற்றைக் கண்டு ஆட்களும் வந்தார்கள். அவர்களுக்கு எங்கள் தேவை முடிந்தது.

மன்னார்க்காரன் காத்திருந்து களைத்துப்போய், நாடு திரும்பச் சம்மதம் என்று தானே கையெழுத்து வைத்துப் போனான். கொழும்பில் இறங்கியதும் விசாரித்தார்களாம். பிறகு ஊருக்கு விட்டார்கள். இப்போது அண்ணனின் படகில் கடலுக்குப் போகிறான். கிழவரைப் பராமரிப்பு இல்லத்தில் சேர்த்துவிட்டார்கள். ஒருமுறை போய்ப் பார்த்தேன். ஜெர்மன் மொழியில் பேசிக்கொண்டே இருந்தார். நான் தலையாட்டிவிட்டு வந்தேன்.

எனக்கு நிரந்தர விசா கிடைத்தது. கல்யாணம், பிள்ளை, லிட்கம்மில் வாடகை வீடு. போன வருடம் மகள் பந்தடிக்க வேண்டும் என்று அடம்பிடித்தாள். பக்கத்தில் இருந்தது அந்த மைதானம்தான். மனைவி, "பிள்ளைக்கு உங்கட கோபம் என்னத்துக்கு?" என்றாள். போனேன்.

கட்டடத்தின் உட்சுவரில் கழகத்தின் வரலாற்றைப் பெரிய படங்களாக ஒட்டியிருந்தார்கள். தகரக் கொட்டகைகள், சூட்கேஸ்கள், மண்வெட்டியோடு நிற்கும் இளம் தச்சர். கடைசிப் படத்தில் கிண்ணத்தோடு நாங்கள். நடுவில் மன்னார்க்காரன், எல்லாப் பற்களும் தெரியச் சிரித்துக்கொண்டு. கீழே ஆங்கிலத்தில்: 'அன்றும் இன்றும், எல்லோரையும் வரவேற்கிறோம்.'

"Appa, is that you?" என்றாள் மகள்.

தலைவர் அங்கே நின்றார். இந்தப் படத்தை எடுத்துவிடுங்கள் என்றேன்.

"ஏன்? எல்லோருக்கும் பிடித்த படம் அதுதான்" என்றார். உண்மையாகவே அவருக்கு விளங்கவில்லை.

அன்று பின்னேரம் மன்னாருக்குப் போன் எடுத்தேன். நடந்ததைச் சொன்னேன். அவனும் கொதிப்பான் என்று எதிர்பார்த்தேன்.

"மச்சான், அந்தப் படத்தை ஒருக்கா எடுத்து அனுப்பு" என்றான். "என்ர போனை அங்க தொலைச்சிட்டன். என்னட்ட ஒரு படமும் இல்லை. அம்மாவுக்குக் காட்டவேணும்."

அடுத்த சனிக்கிழமை மகளை மைதானத்தில் விட்டுவிட்டு உள்ளே போனேன். சுவருக்கு முன்னால் நின்று கோப்பி குடித்துக்கொண்டிருந்தவர்களிடம் கொஞ்சம் விலகச் சொல்லிவிட்டு, கீழே இருந்த எழுத்துகள் விழாதபடி படத்தை எடுத்தேன்.