‘சரிங்க’ வசந்தாமணி

கன்றுக்குட்டியின் கழுத்தைத் தன் இடுப்போடு சேர்த்து அணைத்து, ஒரு கையால் அதன் காதைத் திருகிப் பிடித்திருக்கிறார் வசந்தாமணி. நிற்பது கால்நடை மருந்தகத்துக்குள் அல்ல. அதன் இரும்புக் கேட்டுக்கு வெளியே, சாலையோரம். டாக்டர்தான் ஊசியோடு உள்ளேயிருந்து எழுந்து வருகிறார்.

“உள்ள கொண்டுபோய்ப் புடிச்சா நெழலாச்சும் இருக்குமில்லீங்க?” என்கிறார் கன்றுக்காரர் பச்சமுத்து.

“நான் உள்ள காலு வெச்சா, அத்துமீறி நொழஞ்சாள்னு அதுக்கொரு கேசு போடுவாங்க. எந்தப் பக்கம் வெச்சுக் குத்துனாலும் கன்னுக்கு வலி ஒண்ணுதான். வாலைப் புடிங்க.”

சங்ககிரியைத் தாண்டிய ஒரு சிற்றூர் அது. அந்த மருந்தகத்தில் பராமரிப்பு உதவியாளராக இருபது வருடத்துக்கு மேல் மாடு பிடித்தவர் வசந்தாமணி. வேலையை விட்டு நீக்கி மூன்று வருடமாகிறது. ஆனாலும் காலையில் குளித்து, சேலைக்கு மேல் காக்கிச் சட்டையை மாட்டிக்கொண்டு கேட்டுக்கு வந்துவிடுவார். சட்டையைக் கழற்றச் சொல்லி ஒருமுறை ஆள் அனுப்பினார்கள். “இது என்ர காசுல தெச்சது. கெவுருமெண்டுப் பொத்தான் ஏதாச்சும் இருந்தாப் பிச்சுக்கிட்டுப் போங்க” என்று நெஞ்சை நிமிர்த்திக் காட்டினாராம். வந்தவர் பொத்தானைப் பார்க்கவும் கூசிக்கொண்டு திரும்பிப் போனார்.

இந்தப் பிடிவாதம் அப்பன் வழியில் வந்தது. இவருடைய அத்தை அங்காளம்மாள், எடப்பாடிப் பக்கம் வாக்கப்பட்டவர், கிணற்றுப் பாத்தியத்துக்காகப் பங்காளிகளோடு பேச்சை முறித்தவர். அவர்கள் வீட்டுக் கல்யாணத்துக்குப் போவார், மொய் வைப்பார், வாயை மட்டும் திறக்கமாட்டார். பேசாமல் இருந்தே பங்கை வாங்கினார்.

வசந்தாமணி மாட்டிக்கொண்டதோ பேசியதால். கோமாரித் தடுப்பூசி மருந்து கெட்டுப்போயிருந்தது. செல்போனுக்கு சார்ஜ் போடுவதற்காக வசந்தாமணி பிரிட்ஜின் ஒயரைப் பிடுங்கிவிட்டார் என்று குற்றச்சாட்டு. அந்தப் பிரிட்ஜ் முந்திய கோடையிலிருந்தே நின்று நின்றுதான் ஓடியது. அப்போதிருந்த டாக்டரிடம் சொல்லிச் சொல்லி இவருக்கு வாய் வலித்தது. அந்த டாக்டர் மாற்றலாகிப் போய்விட்டார். பழி மட்டும் ஊரிலேயே தங்கிவிட்டது.

விசாரணைக்கு வந்த அதிகாரி கடலோரத்துக்காரர். குற்றச்சாட்டை வரிவரியாக வாசித்தார். அவர் மூச்சு விட நிறுத்திய இடத்திலெல்லாம் வசந்தாமணி “சரிங்க” என்றார். இந்தப் பக்கத்தில் ஒருத்தர் பேசும்போது எதிரில் இருப்பவர் கம்மென்று இருந்தால் மரியாதைக் குறைச்சல். கதைக்கு ‘உம்’ கொட்டுகிற மாதிரி, பேச்சுக்குச் ‘சரிங்க’. வைதாலும் சரிங்கதான். அதிகாரிக்கு அது தெரியவில்லை. ‘குற்றத்தை ஒப்புக்கொண்டார்’ என்று எழுதி முடித்துவிட்டார். ஒப்புக்கொண்டவருக்குச் சாட்சி எதற்கு? நேராக நீக்க உத்தரவு வந்தது.

சேலம் அஸ்தம்பட்டியில் இருக்கும் வக்கீல் ஜெயப்பிரியா பக்கத்து ஆத்தூர்ப் பெண்தான். அவருக்கே முதலில் புரியவில்லை. “நீங்களே சரின்னு சொல்லிட்டீங்களேம்மா, நான் எதை வச்சு வாதாடுறது?” என்று கையை விரித்தார். அந்த நேரம் பார்த்து வசந்தாமணிக்கு போன். மூத்த அண்ணன், பேர்தான் சின்னண்ணன். கோர்ட்டும் வேண்டாம் கச்சேரியும் வேண்டாம், மன்னிப்பு எழுதிக் கொடுத்துவிட்டு வா என்று அவர் போட்ட சத்தம் மேசைக்கு அந்தப் பக்கம் வரை கேட்டது. தங்கை ஒவ்வொன்றுக்கும் “சரிங்ண்ணா… சரிங்க…” என்று தலையாட்டினார். கடைசியில், “அதெல்லாம் ஆவாதுங்ண்ணா. ஊட்டுக்கு வந்து பேசிக்கலாம்” என்று வைத்துவிட்டார்.

“இத்தனை சரி சொல்லிட்டு, இப்ப ஆகாதுங்கிறீங்க!” என்றார் வக்கீல்.

“கேட்டுக்கிட்டிருந்தனுங்க சாமி. ஒத்துக்கிட்டேன்னு எப்பச் சொன்னேன்?”

வக்கீல் சிரித்த சிரிப்பில் பக்கத்து அறை ஆட்கள் எட்டிப் பார்த்தார்கள். உயர்நீதிமன்றத்தில் அந்தச் ‘சரிங்க’வைத்தான் அவர் முன்னால் எடுத்து வைத்தார். ஒப்புக்கொள்கிறாயா என்று நேராக ஒரு கேள்வி கேட்காமல் இதை ஒப்புதலாக எடுக்கக் கூடாது என்று நீக்க உத்தரவு ரத்தாயிற்று. ஆனால் சாட்சிகளை வைத்து மறுபடி விசாரிக்க வேண்டும். அது முடிகிறவரை கேட்டுக்கு வெளியேதான்.

நடுவில் ஒரு தூது வந்தது. விசாரணையே வேண்டாம், கட்டாய ஓய்வில் போய்விடுங்கள், பென்ஷன் வந்துவிடும் என்றார்கள். வசந்தாமணி தூது வந்தவருக்கு மோர் கொடுத்தார். “பென்சன் வருஞ்சாமி. மருந்தக் கெடுத்தவங்கற பேரும் கூடவே வருமில்ல? போவும்போது ரண்டையும் சேத்தே எடுத்துக்கிட்டுப் போயிருங்க.”

போன மாதம் மறுவிசாரணை. இந்த முறை சின்ன வயது அதிகாரி. “உங்க பேர் வசந்தாமணி?” என்று ஆரம்பித்தார்.

“இல்லீங்க.”

தட்டச்சுக்காரரின் விரல் நின்றுவிட்டது. “பேருமா இல்லை?” என்றார் அதிகாரி.

“ஊட்டுல ‘இல்லீங்க’ன்னு சொல்லிச் சொல்லிப் பழகுனனுங்க, வாய்ல அதே வந்துருச்சு. பேரு அதேதானுங்க. மத்ததெல்லாம் இல்லீங்க.”

பச்சமுத்து சாட்சி சொல்ல வந்திருந்தார். “அந்தப் பொட்டி ஓடுனதைவிட நின்னதுதானுங்க சாஸ்தி. அதுக்குள்ள பல்லி குட்டி போட்டுக் குடித்தனம் பண்ணுச்சு.”

“பல்லி குட்டி போடாதுங்க” என்றார் அதிகாரி.

“அந்தச் சூட்டுல போட்டாலும் போடுமுங்க.”

சாயங்காலம், தட்டச்சடித்த தாள்களை வசந்தாமணி பக்கம் திருப்பி வைத்து, மேலே பேனாவையும் வைத்தார் அதிகாரி. “அவ்வளவுதாம்மா. கையெழுத்துப் போட்டுட்டு நீங்க கிளம்பலாம். பஸ்ஸுக்கு நேரமாகலையா?”

வசந்தாமணி பேனாவைத் தொடவில்லை. சுவரோரம் கிடந்த நாற்காலியைப் பிடித்து, அதன் கால்கள் அலுவலகம் முழுக்கக் கிறீச்சிட, மேசைக்கு நேர் எதிரே இழுத்துப் போட்டு உட்கார்ந்தார். முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டார்.

“மொதல் வரில இருந்து சத்தமாப் படிங்க சாமி.”