ஒன்பது நிமிட பெல்ட்

2014 ஜூன், ஒரு ஞாயிறு. காலை ஏழரைக்குப் புதுச்சேரியில் பஸ் ஏறினோம். பக்கத்தில் பிரேசில் நாட்டு இயக்குநர் தெரேசா. புதுச்சேரியில் திரைப்படச் சங்கம் நடத்தும் நான்தான் அவருக்கு வழித்துணை, மொழிபெயர்ப்பாளர், பொட்டி தூக்குபவன் எல்லாம். உலகக் கோப்பை நேரம். கண்டக்டர் டிக்கெட் கிழிக்கும் முன்பே, "இந்தத் தபா மேடம் ஊருதான சார் ஜெயிக்கும்?" என்றார். மேடத்துக்குக் கால்பந்தே பிடிக்காது என்றேன். அவர் நம்பவில்லை.

ஒன்பது மணிக்குப் பண்ருட்டி. பத்து ரூபாய்க்கு ஆறு பலாச்சுளை. தின்றுகொண்டே தெரேசா தன் தொழிலைச் சொன்னார். இருபது ஆண்டில் மூன்றே படம். முதல் படத்துக்குக் காரை விற்றார். இரண்டாவதை வேனில் ஏற்றி, ஊர் ஊராக மாதா கோவில் சுவர்களில் காட்டினார். மூன்றாவது, தான் பிறந்த சுரங்க ஊரைப் பற்றிய ஆவணப்படம். அதை வாங்க ஒரு தொலைக்காட்சி நிறுவனம் தயார். ஒரே நிபந்தனை, கன்வேயர் பெல்ட் ஓடும் ஒன்பது நிமிடக் காட்சியை வெட்ட வேண்டும். திங்கட்கிழமை பதில் சொல்ல வேண்டும். அன்று நெய்வேலி சுரங்கத் தொழிலாளர்களுக்குக் காட்டப் போனதும் அதே படத்தைத்தான்.

"சுரங்கத்துக்காரர்களே எழுந்து போனால் வெட்டிவிடுகிறேன்" என்றார்.

பத்தேகாலுக்கு நெய்வேலி. எங்கள் ஊர் நகராட்சியைக் கூட்டி வந்து காட்ட வேண்டிய அகலச் சாலைகள், ப்ளாக் ப்ளாக்காக மரத்தடியில் குவார்ட்டர்ஸ். மைன்ஸில் பர்மனென்ட் ஊழியரான குணசேகரன் கூடத்தைத் தயாராக வைத்திருந்தார். பன்னிரண்டரைக்குப் படம் என்று நேரம் குறித்தவன் நான். அதை இங்கேயே ஒப்புக்கொள்கிறேன்.

எழுபது பேர் வந்திருந்தார்கள். வசனங்களை நான் மைக்கில் தமிழில் வாசித்தேன். ஒன்று ஐந்துக்குப் பெல்ட் காட்சி. ஒன்பது நிமிடமும் யாரும் எழவில்லை. காட்சி முடிந்த அதே நிமிடம் ஐம்பது பேர் எழுந்து வெளியே போனார்கள்.

தெரேசாவின் முகத்தைப் பார்க்க எனக்குத் தைரியம் வரவில்லை. குணசேகரன் ஓடி வந்தார். "தப்பா நெனைச்சுக்காதீங்க சார். ரெண்டு மணி ஷிப்ட்டு. பஸ்ஸு ஒண்ணே காலுக்கு வந்துடும்." மொழிபெயர்த்தேன். மரியாதைக்குச் சொல்கிறார்கள் என்று தெரேசா சிரித்தார். மிச்சப் படத்தை இருபது பேர் பார்த்தார்கள்.

இரண்டே முக்காலுக்குக் கருவிகளைக் கட்டிக்கொண்டிருந்தோம். கையில் ஹெல்மெட்டோடு முப்பது பேர் உள்ளே வந்தார்கள். காலை ஷிப்ட் முடித்து நேராக வருகிறவர்கள். முன்னால் வந்தவர் கலியமூர்த்தி, பெல்ட் பிரிவில் கான்ட்ராக்ட் தொழிலாளி.

"அந்த பெல்ட்டு ஓடறத மட்டும் போடுங்க சார். எடது பக்கம் ஒரு ரோலர் சுத்தாம நின்னுக்கினு இருக்குதாமே?"

அடுத்த ஆள் வந்து பொறுப்பை வாங்கிக்கொண்டால்தான் இவர்கள் கிளம்ப முடியும். அப்போது எது ஓடுகிறது, எது மக்கர் செய்கிறது என்று சொல்லிக்கொள்வது வழக்கம். அன்று படத்திலிருந்து எழுந்து போனவர்கள் தெரேசாவின் பெல்ட்டையும் சேர்த்துச் சொல்லியிருக்கிறார்கள்!

"நின்ன ரோலர் மேல பெல்ட்டு ஒரசிக்கினே இருந்தா சூடேறி நெருப்பு புடிச்சிக்கும்ங்க" என்றார் கலியமூர்த்தி.

நான் சொல்லி முடித்ததும் தெரேசா நாற்காலியில் உட்கார்ந்துவிட்டார். அந்தக் காட்சியை எடுத்து மூன்று வாரத்தில் அதே பெல்ட் எரிந்து அவர் அண்ணன் இறந்திருக்கிறார். எடுத்தபோது அவர் கண்ணுக்கும் ரோலர் தெரியவில்லை. பிறகு தெரிந்தது. பார்க்கிறவர்களே கண்டுபிடிக்கட்டும் என்று படத்தில் அதைச் சொல்லாமல் விட்டிருந்தார். இதுவரை எந்த ஊரிலும் யாரும் கண்டுபிடிக்கவில்லை.

காட்சியைப் போட்டோம். முப்பது பேரும் நின்றபடியே பார்த்தார்கள். அவசரத்துக்கு இழுத்தால் பெல்ட் நின்றுவிடும் கயிறு ஒன்று பெல்ட் ஓரமாகவே போகிறது. ஐந்தாவது நிமிடத்தில் பின்னாலிருந்து ஒருவர் திரையைப் பார்த்துக் கத்தினார்:

"யோவ், கயித்த இழுங்கய்யா!"

தெரேசா அழுதார். எனக்கும் அடக்க முடியவில்லை.

ஐந்தரை மணி பஸ்ஸில் உட்கார்ந்தபடியே போனில் தொலைக்காட்சிக்காரர்களுக்குப் பதில் அனுப்பினார். வெட்ட மாட்டேன், அவ்வளவுதான். புதுச்சேரியில் எங்கள் சங்கத்தில் இந்தப் படத்தை நான் மூன்று தடவை பார்த்தவன். மைக்கில் வாசித்த வசனப் பிரதியை எடுத்துப் பார்த்தேன். பெல்ட் காட்சி வரும் இடத்தில் என் கையெழுத்தில் இருந்தது: "ஒன்பது நிமிடம் வசனம் இல்லை. டீ குடிக்கலாம்."