குட்டை மூலை ஆய்வுக் குழு

பழைய காலத்து வெள்ளைக்காரப் பறவை ஆராய்ச்சியாளர்களைப் பற்றிப் படிக்கும்போதெல்லாம் எனக்கு முதலில் வருவது பொறாமைதான். மனுஷர் காட்டுக்குள் கூடாரம் அடித்து மாதக்கணக்கில் உட்கார்ந்திருக்கிறார். சமைக்க ஒரு ஆள், மூட்டை தூக்க நாலு ஆள், குதிரைக்குப் புல் போட இன்னொரு ஆள். காலையில் எழுந்து வெளியே போகிறார், இதுவரை யாருமே பார்க்காத ஒரு குருவியைப் பார்க்கிறார், உடனே சுட்டுவிடுகிறார். பிறகு அதற்குள் பஞ்சை அடைத்து, தன் சிநேகிதர் பெயரை வைத்து, கப்பலேற்றி அனுப்புகிறார். மூட்டை தூக்கிய நாலு பேரும் அந்தக் குருவியைப் பிறந்ததிலிருந்து பார்த்துக்கொண்டிருப்பார்கள். அவர்களிடம் அதற்கு ஒரு பெயரும் இருக்கும். அதை யார் கேட்டது?

எனக்குப் பொறாமை குருவி மேல் இல்லை, கூடாரத்தின் மேல். மேனாம்பேட்டில் எங்கள் வீட்டில் இரண்டு அறைகள். ஒன்றில் மாமனாரும் டிவியும். இன்னொன்றில் இரண்டு பையன்களும் அவர்களுடைய செல்போன்களும். கூடத்தில் கணவர், அவரைச் சுற்றி அவர் பிரித்துப் போட்ட மிக்ஸி, அயர்ன் பாக்ஸ், டேபிள் ஃபேன். சமையலறையை மட்டும் எல்லோருமாகச் சேர்ந்து பெருந்தன்மையோடு எனக்கு விட்டுக்கொடுத்திருந்தார்கள்.

அதனால்தான் எனக்குக் குட்டை மூலை தேவைப்பட்டது. எங்கள் நகரை மனை பிரித்தபோது பூங்காவுக்கென்று ஒதுக்கிய இடம் அது. பூங்கா வரவில்லை. வேலி வந்தது, கேட்டில் பூட்டு வந்தது, சாவி யாரிடம் இருக்கிறது என்பது மறந்துபோனது. உள்ளே சீமைக்கருவேலமும் எருக்கும் இஷ்டத்துக்கு வளர்ந்தன. ஒரு மூலையில் மழைத் தண்ணீர் தேங்கிக் குட்டையாகி, சுற்றிலும் ஆள் உயரத்துக்குச் சம்புக் கோரை முளைத்துவிட்டது. சுற்றுச்சுவர் உடைந்த சந்து வழியாக உள்ளே போனால், கிணற்றுக்கு இறக்கும் சிமெண்ட் உறை ஒன்று, யாரோ விட்டுப் போனது, கிடக்கும். பையன்களைப் பள்ளிக்கு அனுப்பிவிட்டு, இண்டஸ்ட்ரியல் எஸ்டேட்டில் நான் கணக்கு எழுதும் கம்பெனிக்குக் கிளம்புவதற்கு முன்னால், அரை மணி நேரம் அந்த உறையின் மேல் உட்கார்ந்திருப்பேன். அந்த அரை மணியில் யாரும் என்னிடம் சாக்ஸ் எங்கே என்று கேட்டதில்லை. உலகத்தில் எனக்கென்று இருந்த இடம் அது ஒன்றுதான். இதை மிகைப்படுத்திச் சொல்லவில்லை.

போன வருஷம் அந்த இடத்துக்கு நிஜமாகவே பூங்கா வரப்போகிறது என்று நலச்சங்கத்தின் வாட்ஸ்அப்பில் படம் போட்டார்கள். கலர் படம். சிமெண்ட் நடைபாதை, இஸ்திரி போட்டது மாதிரி புல்தரை, ஃபைபர் மான் இரண்டு, வாயைப் பிளந்து குப்பை கேட்கும் பென்குயின் நாலு. குட்டை இருந்த இடத்தில் ஷட்டில் கோர்ட்.

அன்று சாயங்காலமே செயலாளர் வீட்டுக்குப் போனேன். ஆவடி தொழிற்சாலையில் ஃபோர்மேனாக இருந்து ஓய்வு பெற்றவர். கோயம்புத்தூர்ப் பக்கத்துக்காரர். முப்பது வருஷம் குவார்ட்டர்ஸில் இருந்தும் அவர் பேச்சில் 'ங்க' தேயவில்லை.

"சார், அந்தக் குட்டையில நிறைய பறவை இருக்கு" என்றேன்.

"என்ர கண்ணுக்குக் கொசுதானுங்க தெரியுது" என்றார்.

நான் நகரவில்லை. அவர் மனைவி கொண்டுவந்த காபியைக் குடித்தேன். இரண்டாவது காபியும் வரப்போகிறது என்று தெரிந்ததும் அவர் இறங்கி வந்தார். "சரிங்க. பொதுக்குழுவுக்கு முன்னால இருபது வகைப் பறவை இருக்குதுன்னு காட்டுங்க. அந்த மூலையை மட்டும் விட்டுடச் சொல்லி இஞ்சினியர்கிட்டப் பேசறேன்."

இப்படித்தான் எங்கள் ஆய்வுக் குழு உருவானது. தலைவி நான். சொந்த ஊர் திருநெல்வேலிப் பக்கம், கல்யாணமாகி வந்தவள். இரண்டாவது ஆள், மாடி வீட்டு டீச்சர். தஞ்சாவூர்க்காரர், கணக்கு டீச்சராக இருந்து ஓய்வு பெற்றவர். பறவை பார்க்கப் போகும்போதும் பிரம்பு வைத்திருப்பவர் போலவே நடப்பார். மூன்றாவது, எதிர் வீட்டுப் பெண். வேப்பம்பட்டில் பிறந்து வளர்ந்தவள், எஸ்டேட்டில் மெஷின் ஓட்டுகிறாள். "இன்னாக்கா, பட்சி பாக்க ஆள் எடுக்கறியாமே, சம்பளம் இன்னா?" என்று கேட்டுக்கொண்டே வந்து சேர்ந்தாள். சம்பளம் இட்லி என்று முடிவானது.

எங்களுக்குக் கூடாரம் கிடையாது, குதிரை கிடையாது. எங்கள் வசதிக்கு ஆளுக்கொரு நேரமாகப் போனோம். அவள் ஷிப்டுக்கு முன்னால் விடிகாலையில், நான் அதற்குப் பிறகு, டீச்சர் சாயங்காலம் வாக்கிங் போகும்போது. பார்த்ததை உடனே குழுவில் போட வேண்டும். படம் எடுத்துப் பயனில்லை. எங்கள் போன்களில் எந்தப் பறவையும் மரத்தில் ஒட்டிய அழுக்கு மாதிரிதான் விழுந்தது. அதனால் பெயரை மட்டும் போட்டோம்.

முதல் வாரம் நான் போட்டவற்றில் செண்பகம் ஒன்று. காக்கை அளவு இருக்கும். கருப்பு உடம்பு, செங்கல் நிறச் சிறகு, ரத்தச் சிவப்பில் கண். பறப்பதென்றால் அதற்கு அப்படி ஒரு சோம்பல். சம்புக்குள் மாமனார் மாதிரி மெல்ல நடந்துபோய், உள்ளே எங்கேயோ நின்று 'ஊப் ஊப்' என்று அடித்தொண்டையில் கத்தும். பார்த்த முதல் நாள் மகிழ்ந்தேன். அதன் பிறகு அது தினமும் வந்தது, மதிப்புக் குறைந்துவிட்டது.

அந்தச் சமயத்தில்தான் டீச்சர் 'செம்போத்து பார்த்தேன்' என்று போட்டார். கூடவே ஒரு பூங்கொத்துப் படம்.

எனக்குச் சுருக்கென்றது. என் குட்டை, என் மூலை, நான் வருஷக்கணக்காக உட்காரும் இடம். நேற்று வந்த டீச்சருக்குச் செம்போத்து கிடைக்கிறது, எனக்குக் கிடைக்கவில்லையா? மறுநாளிலிருந்து கண்ணை இடுக்கிக்கொண்டு செம்போத்தைத் தேடினேன். ஒவ்வொரு முறையும் சம்பு அசையும், நான் மூச்சைப் பிடித்துக்கொண்டு எழுந்து நிற்பேன், வெளியே வருவது அந்தப் பாழாய்ப்போன செண்பகம். "உன்னைத்தான் தினமும் பார்க்கிறேனே, தள்ளிப் போயேன்!" என்று வாய்விட்டே திட்டியிருக்கிறேன். ஒருநாள் கல் எடுத்துக்கூட வீசினேன். மேலே படவில்லை, எனக்குக் குறி தெரியாது.

அடுத்த வாரம் எதிர் வீட்டுப் பெண் 'கள்ளிக்காக்கா' என்று ஒரு குரல் பதிவு போட்டாள். "சோக்கா கீதுக்கா! எம்மாம் பெரிசு!" எனக்கும் டீச்சருக்கும் தூக்கம் போனது. டீச்சர் அந்தக் கள்ளிக்காக்காவைத் தேடி, குட்டைச் சேற்றில் ஒரு செருப்பைத் தொலைத்தார். 'நடுவில் இந்தச் செம்போத்து வேறு வந்து தொந்தரவு' என்று குழுவில் எழுதினார். அப்போதாவது எனக்குப் புரிந்திருக்க வேண்டும். எங்கே புரிந்தது? கணக்கு இருபதைத் தாண்டியதில் நான் தலைகால் தெரியாமல் இருந்தேன்.

பொதுக்குழுவுக்கு முந்தின ஞாயிற்றுக்கிழமை, மூன்று பேரும் முதல் முறையாகச் சேர்ந்து போனோம். வெற்றி விழா மாதிரி. தூக்கில் இட்லி, பாட்டிலில் சட்னி. உறையின் மேல் நெருக்கியடித்து உட்கார்ந்து முதல் இட்லியைப் பிட்டபோது, சம்பு அசைந்தது. அது வெளியே வந்தது. உடைந்த சுவரின் மேல் தத்தி ஏறி, எங்களைச் சிவந்த கண்ணால் பார்த்தது.

"ஏ, அங்க பாருங்க, செண்பகம்லா!" என்றேன் நான்.

"செம்போத்து!" என்றார் டீச்சர்.

"தோ கள்ளிக்காக்கா!" என்றாள் அவள்.

மூன்று விரல்களும் ஒரே பறவையைக் காட்டிக்கொண்டிருந்தன. பறவை சுவரிலிருந்து இறங்கி உள்ளே போய்விட்டது.

அங்கேயே உட்கார்ந்து மற்றதையும் சரிபார்த்தோம். டீச்சரின் கரிச்சானும் என் இரட்டைவால் குருவியும் ஒன்றுதான். அவளுடைய தண்ணிக்கோழிதான் டீச்சரின் கானாங்கோழி. 'புள்ளிக்குருவி, பெரிசு' என்று நான் போட்டிருந்தது பெண் குயில். ஆண் குயிலை ஏற்கனவே தனியாகச் சேர்த்திருந்தோம். அந்தப் பழைய துரைமார்களும் ஆணையும் பெண்ணையும் வேறு வேறு இனம் என்று நினைத்து இரண்டு பெயர் வைத்ததுண்டாம். அவர்களுக்கு என் அனுதாபங்கள். இப்படியே இன்னும் சில கழிந்து, கடைசியில் பதிமூன்றில் வந்து நின்றோம்.

"லிஸ்ட்ல எய்தினது எய்தினதுதான்கா" என்றாள் எதிர் வீட்டுப் பெண். "பட்சி வந்து நான் இல்லன்னு சொல்லப் போவுதா?"

"முப்பது வருஷம் பேப்பர் திருத்தினவ நான்" என்றார் டீச்சர். "ஒரே விடைய மூணு தடவ எழுதினா மூணு மார்க் போடமாட்டேன்."

உண்மையைச் சொன்னால், எனக்குப் பொய் சொல்லத்தான் ஆசை. பதிமூன்று என்றால் குட்டை போச்சு. உறை போச்சு. என் அரை மணி நேரமும் போச்சு. ஆனால் டீச்சர் கூட்டத்தில் முன்வரிசையில் உட்காருவார் என்று தெரியும். அந்த முகத்தைப் பார்த்துக்கொண்டு இருபது என்று சொல்ல எனக்குத் தைரியம் இல்லை.

பொதுக்குழு கல்யாண மண்டபத்தின் சாப்பாட்டுக் கூடத்தில் நடந்தது. எங்கள் நகரில் பாதிப் பேர் ஆவடி தொழிற்சாலைகளில் வேலை பார்த்து, குவார்ட்டர்ஸில் இருந்து, பிறகு இங்கே மனை வாங்கியவர்கள். தமிழ்நாட்டின் எல்லா மாவட்டமும் அங்கே பிளாஸ்டிக் நாற்காலியில் உட்கார்ந்திருந்தது. நான் எழுந்து, பதிமூன்று என்றேன். என் குரல் எனக்கே கேட்கவில்லை.

"இருபதுன்னு பேசினோமுங்களே" என்றார் செயலாளர், வருத்தமாகத்தான்.

எனக்கு அழுகை முட்டியது. உட்கார்ந்தால் முடிந்துவிடும் என்பதால் உட்காராமல் நின்று, எங்கள் தப்பை விளக்க ஆரம்பித்தேன். "எல்லாம் இந்தச் செண்பகத்தால வந்தது சார். நான் செண்பகம்னு எழுதினேன், டீச்சர் அதையே செம்போத்துன்னு..."

"செம்போத்து இல்லீங்க" என்றார் அவர் சட்டென்று. "செம்பூத்து. அது இங்க இருக்குதுங்களா?"

"செண்பகம்னு அந்தம்மா சரியாத்தான் சொல்லுது" என்றது பின்வரிசை நாகர்கோவில். "செம்போத்துதான் சார் சரி" என்றது கும்பகோணம். தெலுங்கு பேசும் பெரியவர் ஒருவர், கடைசி வரிசையிலிருந்து எழுந்து, அது ஜெமுடு காக்கி என்று தீர்ப்புச் சொன்னார்.

"ஜெமுடுன்னா இன்னா நைனா?" என்று கேட்டாள் எதிர் வீட்டுப் பெண்.

"கள்ளிச் செடிம்மா."

"பாத்தியாக்கா! கள்ளி, காக்கா! என் பேரு தான் கரீட்டு!" என்று நாற்காலி மேலேயே ஏறிவிட்டாள்.

அடுத்த அரை மணி நேரம் பென்குயினைப் பற்றி யாரும் பேசவில்லை. பெயருக்காக நடந்த சண்டையில், காரியமாகப் போகும்போது அந்தப் பறவையைப் பார்த்தால் ஜெயம் என்று யாரோ சொல்ல, அதில் மட்டும் எல்லா மாவட்டமும் ஒத்துப்போனது. பையனுக்கு இன்டர்வியூ இருந்தவர், மகளுக்கு வரன் பார்ப்பவர், பூந்தமல்லி கோர்ட்டில் கேஸ் நடத்துபவர் என்று எல்லோரும் குட்டையை இப்போதுதான் பிறந்த குழந்தையைப் போலப் பார்க்க ஆரம்பித்தார்கள். ஷட்டில் கோர்ட்டுக்குக் கை தூக்க ஆளில்லை. குட்டை மூலையை அப்படியே விட்டுவிடுவது என்று தீர்மானம் நிறைவேறியது. நான் டீச்சரைக் கட்டிக்கொண்டேன். அவர் அதை விரும்பவில்லை.

இப்போது அங்கே ஐந்து பெயர்களும் எழுதிய பலகை இருக்கிறது. எந்தப் பெயர் மேலே வருவது என்று இன்னும் தகராறு. சுவர் உடைந்த இடைவெளியை அகலப்படுத்திப் படி கட்டிவிட்டார்கள். காலையில் போனால் கூட்டம். பரீட்சைக்குப் போகும் பிள்ளைகள் ஹால் டிக்கெட்டோடு நிற்கிறார்கள். லோன் கேட்டு பேங்குக்குப் போகிறவர் நிற்கிறார். என் கணவர்கூட ஒருநாள் நின்றார், சந்நிதியில் நிற்பவர் போலக் கையைக் கட்டிக்கொண்டு. என் உறையின் மேல் யாராவது உட்கார்ந்திருக்கிறார்கள். போன மாதம், நான் எட்டிப் பார்த்துக்கொண்டிருந்தபோது, முன்பின் தெரியாத ஒரு அம்மா என் தோளைத் தட்டி, "கொஞ்சம் நவுருங்க, மறைக்குது" என்றார்.

நவுந்தேன். வீட்டுக்கு வந்து சமையலறையில் நின்று அழுதேன். நடுவில் சிரிப்பும் வந்தது, ஆனால் அழுகைதான் அதிகம். யாரும் கால் வைக்காத காடு என்று அந்தத் துரைமார்கள் பக்கம் பக்கமாக எழுதி அச்சடித்து ஊருக்கெல்லாம் கொடுத்தார்கள். அடுத்து அங்கே என்ன நடந்திருக்கும் என்று நான் ஒருநாளும் யோசித்ததில்லை.

இந்த வாரம் பஸ் வேறு வழியாகச் சுற்றிப் போனதால், ஒரு இடத்தைப் பார்த்தேன். இறங்கி நடந்தேன். சம்பு இருந்தது, உட்காரக் கல் ஒன்று இருந்தது, உள்ளேயிருந்து அடித்தொண்டையில் அந்தக் குரலும் வந்தது. ஒரு மனுஷர் கிடையாது. கம்பெனிக்குத் தாமதமாகப் போய்த் திட்டு வாங்கினேன். மறுநாளும் வாங்கினேன். அது எந்தத் தெரு, எந்த ஸ்டாப் என்று இங்கே எழுத மாட்டேன்.

நேற்று மாடிப்படியில் டீச்சர் என்னை நிறுத்தினார். "என்ன, ரெண்டு நாளா ஆளையே காணும்? புதுசா ஏதாவது பார்த்தியா?"

"ஒண்ணுமில்ல டீச்சர்" என்றேன். "காக்காதான்."