ஆறாயிரம் எப்படிப் பதின்மூவாயிரம் ஆகும்?

போன செவ்வாய்க்கிழமை மலாக்கா டவுனில் இருக்கும் கடன் கம்பெனிக்கு வீட்டுத் தவணை கட்டப் போனேன். போகும்போது நடந்துதான் போனேன். திரும்பி வரும்போது ரிக்‌ஷா பிடித்து வந்தேன்.

வழக்கமாக இது என் கணவரின் வேலை. மாதம் பிறந்து ஐந்தாம் தேதிக்குள் கட்டி, ரசீதைக் கம்பியில் குத்திவிடுவார். இரண்டு வருடத்தில் ஒரு மாதம்கூடத் தவறியதில்லை. இந்த முறை அவருக்குக் காய்ச்சல். மூன்று நாளாகப் படுக்கை. பள்ளிக்கூடம் விட்டதும் நானே பணத்தை எடுத்துக்கொண்டு போனேன்.

கவுண்டரில் இருந்தவர் நம்மவர்தான், தமிழர். முப்பது வயதிருக்கும். மரியாதையானவர். ஐம்பத்தைந்து வெள்ளி அறுபத்திரண்டு காசை எண்ணி வாங்கி, ரசீது எழுதி, சீல் குத்திக் கொடுத்தார். வாங்கிக்கொண்டு பேசாமல் வந்திருக்கலாம். வாய் சும்மா இருந்ததா?

“இன்னும் எவ்வளவு பாக்கி, தம்பி?” என்று கேட்டேன்.

பெரிய லெட்ஜரைப் புரட்டினார். “ஐயாயிரத்து ஐந்நூத்தி முப்பத்திரண்டு வெள்ளி, டீச்சர்.”

எனக்குச் சிரிப்பு வந்தது. வேறு யாருடைய பக்கத்தையோ பார்க்கிறார் என்று நினைத்தேன். நாங்கள் வாங்கிய கடன் ஆறாயிரம். இருபத்து நான்கு மாதம் கட்டியாயிற்று. அதுவே ஆயிரத்து முந்நூற்றுச் சொச்சம் ஆகிறது. அப்படியானால் பாக்கி நாலாயிரத்து அறுநூற்றுச் சொச்சம்தானே?

“பேரைச் சரியாப் பாருங்க, தம்பி. காஜா பெராங் பக்கம் இருக்கிற வீடு.”

“உங்க வீடுதான், டீச்சர். கட்டுறதுல வட்டிதான் முதல்ல போகும். மிச்சம்தான் அசலுக்கு. முதல் மாசம் முப்பத்தேழரை வெள்ளி வட்டி. அசல்ல கழிஞ்சது பதினெட்டு வெள்ளி. இது எல்லாருக்கும் உள்ளதுதான்.”

எல்லாருக்கும் உள்ளதுதான்! எண்ணூற்று அறுபத்தேழு வெள்ளி — என் சம்பளத்தில் பல மாதங்கள் — வட்டியாகக் காற்றில் போயிருக்கிறது. அவர் மழை வருகிறது என்பது போலச் சொல்கிறார்.

என்னைத் தெரிந்தவர்களுக்குத் தெரியும், நான் ஐந்தாம் வகுப்புக்குக் கணக்கு எடுக்கிறேன். வட்டிக் கணக்கு தப்பாகப் போட்ட பிள்ளைகளை முட்டி போட வைத்தவள். அப்படிப்பட்டவள் என் வீட்டுக் கடனுக்கு ஒரு நாளாவது கணக்குப் போட்டேனா? இல்லை. மாதம் எவ்வளவு என்று கேட்டேன். கட்டிவிடலாம் என்று தோன்றியது. கணவரைக் கையெழுத்துப் போடச் சொன்னேன். அவ்வளவுதான். வட்டியோ நூற்றுக்கு ஏழரை. பெயரிலேயே சனி பகவான் உட்கார்ந்திருக்கிறார் — அது கூடக் கண்ணில் படவில்லை!

“பதினைந்து வருஷம் முடியும்போது மொத்தம் எவ்வளவு கட்டியிருப்போம்?”

அவர் பென்சிலால் பெருக்கினார். “பத்தாயிரத்துப் பதினொரு வெள்ளி அறுபது காசு.”

ஆறாயிரத்துக்குப் பத்தாயிரம். கவுண்டரின் விளிம்பைப் பிடித்துக்கொண்டேன். அதோடு விட்டிருந்தாலும் பரவாயில்லை. அவர் இழுப்பறையைத் திறந்து ஒரு நீளமான காகிதத்தை எடுத்து வைத்தார்.

“உங்க வீட்டு ஐயா கேட்ட விண்ணப்பப் பாரம் வந்துருச்சு. நீங்களே கொண்டுபோயிடுங்க. சனிக்கிழமைக்குள்ள கையெழுத்துப் போட்டுக் கொண்டு வரணும்.”

“என்ன பாரம்?”

“தவணையைக் குறைக்கிற பாரம். ஐயா போன வாரம் வந்து கேட்டாரே… உங்களுக்குத் தெரியாதா?”

தெரியாது. ஆனால் வெளியில் காட்டிக்கொள்ள முடியுமா? தெரியும் என்பது போலத் தலையை ஆட்டினேன். அவர் விளக்கினார். பாக்கிப் பணத்தை இன்றிலிருந்து இருபத்தைந்து வருடத்துக்குப் பரப்பிவிடுவார்களாம். மாதம் நாற்பது வெள்ளி எண்பத்தெட்டு காசு கட்டினால் போதுமாம். வக்கீல் ஃபீஸ் தனி.

“அவருக்கு இப்பவே நாற்பத்தொரு வயசு, தம்பி.”

“வீடு இருக்கே, டீச்சர். வயசு எதுக்கு?”

அவர் கெட்ட எண்ணத்தில் சொல்லவில்லை. தைரியம் சொல்வதாகத்தான் நினைத்தார். ஆனால் அப்போதுதான் எனக்கு உறைத்தது. அவர்களுக்கு வேண்டியது நாங்கள் இல்லை, வீடு. நாங்கள் இருந்தாலும் இல்லாவிட்டாலும் வீடு அங்கேயே நிற்கும்.

“ஒருவேளை கட்ட முடியாமப் போனா?”

“மூணு மாசம் நின்னா நோட்டீஸ் வரும். அப்புறம் ஏலம்.” கொஞ்சம் தயங்கிவிட்டு, “உங்களுக்கெல்லாம் அப்படி ஆகாது, டீச்சர்” என்றார்.

ரிக்‌ஷாவில் உட்கார்ந்து ரசீதின் பின்புறத்திலேயே கணக்குப் போட்டேன். நாற்பது எண்பத்தெட்டு, முந்நூறு மாதம்… பன்னிரண்டாயிரத்து இருநூற்று அறுபத்து நான்கு. ஏற்கெனவே கட்டியதையும் சேர்த்தால் பதின்மூவாயிரத்து ஐந்நூற்றுத் தொண்ணூற்றொன்பது. மாதம் பதினான்கு வெள்ளி எழுபத்து நான்கு காசு குறைவதற்காக மூவாயிரத்து ஐந்நூற்றுச் சொச்சம் கூடுதல்!

அதைவிட அந்த வருடக் கணக்குத்தான் பெரிய இடி. அவர் ஆபீசில் ஐம்பத்தைந்தில் ஓய்வு. இப்போதுள்ள கடன் ஐம்பத்து நான்கில் முடிந்துவிடும். புதிய பாரத்தில் கையெழுத்துப் போட்டால் அறுபத்தாறில்தான் முடியும். நடுவில் பதினொரு வருடம்… சம்பளம் இல்லாத பதினொரு வருடம். எங்கள் மகளுக்கு இப்போது ஆறு வயது. அப்போது அவளுக்கு முப்பத்தொன்று. அவள் தலையில்தான் விடியுமா?

எதற்காக இந்த மனிதர் என்னிடம் சொல்லாமல் பாரம் கேட்டார்?

வீட்டுக்கு வந்தேன். அவர் போர்வையைக் கழுத்துவரை இழுத்துக்கொண்டு படுத்திருந்தார். கையில் பாரத்தைப் பார்த்ததும் கண்ணை மூடிக்கொண்டார்.

“என்னங்க இது?”

“சரசு… காய்ச்சல் விட்டதும் சொல்லலாம்னு இருந்தேன்.”

“இப்பச் சொல்லுங்க.”

மெதுவாகத்தான் வெளியே வந்தது. அவர் வேலை பார்க்கும் கப்பல் சரக்குக் கம்பெனியின் துரை, கம்பெனியை விற்றுவிட்டுச் சீமைக்குத் திரும்புகிறாராம். மெர்டேக்கா என்று சுதந்திரம் வந்ததிலிருந்தே மூட்டை கட்டிக்கொண்டிருந்தவர்தான். புது முதலாளி, கிராணி வேலை பார்க்கும் குமாஸ்தாக்கள் ஒவ்வொருவரையும் கூப்பிட்டுப் பேசுகிறாராம். சிலருக்கு வேலை இல்லை, சிலருக்குச் சம்பளம் குறைவு. இவர் முறை வெள்ளிக்கிழமை. விஷயம் தெரிந்து மூன்று வாரம் ஆகிறது.

மூன்று வாரம்! தினமும் சட்டை மாட்டிக்கொண்டு, சைக்கிளைத் துடைத்துக்கொண்டு, ஒன்றும் நடக்காதது போலப் போய் வந்திருக்கிறார்.

“சொன்னா நீ பயந்துடுவேன்னுதான்…”

“இப்ப மட்டும் தைரியமாவா நிக்கிறேன்? இதுல மொத்தம் எவ்வளவு ஆகும்னு பாத்தீங்களா?”

“மாசம் நாப்பதுதானே சரசு. வேலை போனாலும் உன் சம்பளத்துல கட்டிடலாம்னு பாத்தேன். வீடு கையைவிட்டுப் போயிடக் கூடாது… அது ஒண்ணுதான் என் மண்டையில ஓடுச்சு.”

நெற்றியைத் தொட்டேன். கொதித்தது. சண்டை போட என்னால் முடியவில்லை. ஈரத்துணி நனைத்துப் போட்டேன்.

ஒன்றை ஒப்புக்கொள்கிறேன். அந்தப் பாரம் என்னையும் இழுத்தது. பதினான்கு வெள்ளி என்பது எங்கள் வீட்டில் ஒரு மாத அரிசி. இன்றைக்கு மூச்சு விட்டால் போதும், அறுபத்தாறு வயதை அப்போது பார்த்துக்கொள்வோம் — இப்படித்தானே நினைக்கத் தோன்றும்?

மறுநாள் கஞ்சியோடு வந்தாள் பக்கத்து வீட்டு மங்களம். மங்களம் மலாக்கா செட்டி இனத்துப் பெண். பெயர் தமிழ், கும்பிடும் சாமி நம் சாமி, பேச்சு மட்டும் மலாய். என் மலாய், பாசார் சந்தையில் மீன் வாங்கும் அளவுக்குத்தான். ஆனாலும் எப்படியோ நாங்கள் பேசிக்கொள்வோம்.

மேசையில் கிடந்த பாரத்தைப் பார்த்தாள். எழுத்து அவளுக்குப் படிக்க வராது. மேலே இருந்த கடன் கம்பெனிச் சின்னத்தை வைத்தே கண்டுகொண்டாள். கஞ்சிக் கிண்ணத்தை அப்படியே வைத்துவிட்டாள்.

“ஜாங்கான் சைன்!” என்றாள். கையெழுத்துப் போடாதே.

பிறகுதான் சொன்னாள். புக்கிட் ரம்பாயில் இருந்த அவள் அக்காவின் கணவர், இதே மாதிரி ஒரு காகிதத்தில் கையெழுத்துப் போட்டாராம். தவணை குறைந்தது. சந்தோஷம். இரண்டு வருடம் கழித்துக் கை இறுகியபோது இன்னொரு காகிதம். அப்புறம் ஒருநாள் வேலைக்குப் போன இடத்திலேயே நெஞ்சைப் பிடித்துக்கொண்டு விழுந்துவிட்டார். ஆள் போய்விட்டார், கடன் போகவில்லை. ஏலம் போட்டதில் வந்த பணம் பாக்கிக்கே போதவில்லை. வீடும் போய், மேற்கொண்டு கடனும் நின்றது. மங்களம் வீட்டுப் பின்கட்டில் தினமும் பலகாரம் சுடுகிறாளே ஒருத்தி, யாரோடும் பேசாமல்… அவள்தான் அந்த அக்கா. இரண்டு வருடமாகப் பார்க்கிறேன், எனக்குத் தெரியவில்லை.

என் கணவர் உள்ளேயிருந்து கேட்டுக்கொண்டிருந்திருக்கிறார். போர்வையோடு எழுந்து வந்து கதவைப் பிடித்துக்கொண்டு நின்றார்.

மங்களம் அவரையும் பார்த்தாள், எங்கள் முன்னறையையும் பார்த்தாள். “பிலிக் டெப்பான் கோசோங். செவாலா!” முன்னறை காலியாகத்தானே கிடக்கிறது, வாடகைக்கு விடு என்கிறாள். ஆஸ்பத்திரியில் வேலை பார்க்கும் நர்ஸ் பெண்கள் இடம் தேடி அலைகிறார்களாம்.

அவள் போனதும் அவர் சொன்னார், “அது முடியாது சரசு.”

ஏன் முடியாது என்று எனக்குத் தெரியும். உஜோங் பாசிரில் ஒரே அறையில் ஏழு வருடம் வாடகைக்கு இருந்தோம். காலையில் நான்கு குடும்பம் ஒரு குளியலறை வாசலில் வரிசையில் நிற்கும். வாளியோடு நின்றுகொண்டே, “நமக்குன்னு ஒரு வீடு வாங்கினா, வர்றவங்க உட்கார ஒரு ரூம் வேணும்” என்பார். அந்த அறைதான் இது. இரண்டு பிரம்பு நாற்காலி, ஒரு ரேடியோ. கடனே அந்த அறைக்காக வாங்கியது என்றுகூடச் சொல்லலாம்.

அவர் எதிரில் உட்கார்ந்து, ரசீதின் பின்பக்கத்தைக் காட்டினேன். அறுபத்தாறு என்று வட்டம் போட்டிருந்த இடத்தில் அவர் விரல் நின்றது.

“அந்த அக்கா… நம்ம வேலிக்கு அந்தப் பக்கம் பலகாரம் சுடுறவங்களா?” என்று கேட்டார்.

“ஆமா.”

“ரேடியோவை நம்ம ரூம்ல வைக்க இடம் இருக்குமா?”

அப்படித்தான் அவர் சம்மதம் சொன்னார்.

வெள்ளிக்கிழமை காய்ச்சலின் மிச்சத்தோடு ஆபீசுக்குப் போனார். அன்று பள்ளிக்கூடத்தில் கரும்பலகையில் என்ன எழுதினேன் என்று கேட்டால் எனக்குச் சொல்லத் தெரியாது. சாயங்காலம் வாசலில் சைக்கிள் மணி கேட்டது; உள்ளே வந்து அவரே சொன்னார். வேலை இருக்கிறது. சம்பளத்தில் மாதம் இருபத்தைந்து வெள்ளி குறைவு. அவரோடு பதினேழு வருடம் மேசை போட்டு உட்கார்ந்திருந்தவருக்கு வேலை இல்லை. அதைச் சொல்லும்போது அவர் என்னைப் பார்க்கவில்லை.

சனிக்கிழமை இரண்டு பேருமாகப் போய்ப் பாரத்தைக் கையெழுத்தில்லாமல் திருப்பிக் கொடுத்தோம். கவுண்டர்காரருக்கு ஆச்சரியம். “மாசம் குறையுமே, ஐயா?” என்றார்.

“மாசம் குறையும் தம்பி. வருசம் கூடுது” என்றார் என் கணவர்.

நான் இன்னொன்றும் கேட்டேன். கையில் ஏதாவது சேர்ந்தால் மேற்கொண்டு கட்டலாமா? கட்டலாமாம். ‘அசலுக்கு’ என்று எழுதிக் கொடுத்தால் அது அசலில்தான் கழியுமாம். இரண்டு வருடமாக இதை ஏன் யாரும் சொல்லவில்லை என்றால்… நாங்கள் கேட்கவில்லையாம். வாசகர்களே, நீங்களாவது கேளுங்கள். மாதம் எவ்வளவு என்று யாரும் கேட்காமலே சொல்வார்கள். மொத்தம் எவ்வளவு என்பதை நாம்தான் வாய் திறந்து கேட்க வேண்டும். கடன் முடியும்போது நமக்கு என்ன வயது என்பதையும் கேட்டுவிடுங்கள்.

பயம் போய்விட்டதா? போகவில்லை. புது முதலாளி இன்னொரு வெள்ளிக்கிழமை கூப்பிட மாட்டார் என்று யார் சொல்ல முடியும்? முன்னறை வாடகை பதினெட்டு வெள்ளி. இன்னும் ஏழு வெள்ளி துண்டு விழுகிறது. அவர் சிகரெட்டை விட்டுவிட்டார். ராத்திரிச் சாப்பாட்டில் மீன் குறைந்திருக்கிறது. யாராவது வாசலில் வந்து ‘கடிதம்’ என்றால் அதைப் பிரித்துப் பார்க்கும்வரை எனக்கு வேறு வேலை ஓடுவதில்லை.

ஞாயிற்றுக்கிழமை மங்களம் ஒரு நர்ஸ் பெண்ணைக் கூட்டி வந்தாள். குருபோங் பக்கத்துப் பெண், அடக்கமானவள். அறையைச் சுற்றிப் பார்த்தாள். பிடித்திருக்கிறது என்றாள். பர்சைத் திறந்து பதினெட்டு வெள்ளியை எண்ணி எடுத்து, என்னையும் அவரையும் மாறி மாறிப் பார்த்தாள்.

“வாடகையை வீட்டுக்காரர் கையிலதான் கொடுக்கணும்னு எங்கப்பா சொல்லி அனுப்பினாரு. வீட்டுக்காரர் யாருங்க?”

பணத்தை நான் வாங்கிக்கொண்டேன். பதிலுக்கு அவர் பார்வை, கம்பியில் குத்தியிருந்த கடன் கம்பெனி ரசீதுகள் மேல் போயிற்று.