நான் பேரு மாத்தின முந்நூறு வீடியோ

பிள்ளைக்குப் பேரு வைக்கிறதுகூட சுலபம். இன்னொருத்தர் எடுத்த வீடியோவுக்குப் பேரு வைக்கிறவன் திட்டு வாங்காம தப்பிச்சதே இல்லை. எங்க ரப்பர் தோட்டத்து ஆளுங்க இப்போ சிரம்பான், போர்டிக்சன்னு ஊர் ஊரா சிதறிக் கிடக்கிறோம். பழைய வீடியோவெல்லாம் ஒரே இடத்துல இருக்கட்டும்னு இணையத்துல ஒரு பக்கம் திறந்தோம். அதைப் பார்த்துக்கிற வேலை என் தலையில விழுந்துச்சு. தேடுறதுக்கு வசதியா ஒரு விதி போட்டேன்: வருஷம், தோட்டம், நிகழ்ச்சி, நம்பர். அந்த விதியால ஒரு அக்கா தன் புருஷன் குரலையே தொலைக்க இருந்தாங்க. இந்த மாதிரி பக்கம் நடத்தி அவதிப்படுறவங்களே, உங்ககிட்ட சொல்லாம வேற யாருகிட்ட சொல்ல?

கடுதாசி மாதிரி ஒரு பேரு

போர்டிக்சன்ல லோரி ஓட்டுற முனியாண்டி அண்ணன் விதியைப் படிச்சுட்டு கட்டைவிரல் படம் போட்டாரு. மறுநாள் அவரு அனுப்பின வீடியோவோட பேரு, "தம்பி போன வாரம் சொன்னேன்ல அதுதான் இது". அடுத்ததுக்குப் பேரு, "இது அது இல்ல வேற".

போன் போட்டு, "யாரு தேடினாலும் கிடைக்கணும்ல அண்ணே?"ன்னு கேட்டேன். அவரு நிதானமா சொன்னாரு: "தேடுறவன் எனக்கு போன் போடட்டும் லா, நான் சொல்றேன்."

போர்டுல இருந்த பேரு

தோட்டத்துப் பேரை கம்பெனி போர்டுல இருந்த மாதிரி எழுதச் சொன்னேன். யாரும் எழுதல. எங்க எல்லாருக்கும் அது 'ரெண்டு பாலத்துத் தோட்டம்'. போர்டுப் பேரு, தோட்டத்துக் கணக்கு எழுதுற கிராணி குடுக்கிற சம்பளத் தாள்ல மட்டும்தான் இருக்கும். சரின்னு நானே உட்கார்ந்து முந்நூறு வீடியோவுக்கும் பேரை மாத்தினேன். ரெண்டு சனி, ரெண்டு ஞாயிறு போச்சு. பாதியில நின்னு போனதையெல்லாம் அழிக்கிறதுக்குன்னு தனியா ஒதுக்கினேன்.

பெருமையா என் மனைவி கலாகிட்ட காட்டினேன். அவ மேலயும் கீழயும் பார்த்தா. "ரப்பர் மரத்துக்கு நம்பர் அடிச்ச மாதிரி இருக்கு. இதுல நம்ம கல்யாணம் எதுங்க?"

மழை பேஞ்ச திருவிழா

சுங்கை காடுட் தொழிற்சாலையில வேலை செய்யிற சரோஜா அக்கா கூப்பிட்டாங்க. "தம்பி, என் வீடியோவைக் காணோம்." அவங்க வீட்டுக்காரர் மணி அண்ணன் போன வருஷம் தவறிட்டாரு. கோயில் திருவிழாவுல அவரு எடுத்த ஒரு வீடியோவுக்கு அவரே வச்ச பேரு, "சரோ குடைய எடு". அந்தப் பேரைத் தட்டித்தான் அக்கா வாரா வாரம் பார்ப்பாங்களாம். அவரு குரல் இருக்கிறது அது ஒண்ணுலதான். அந்தப் பேரைத்தான் நான் எடுத்துட்டேன். எந்த வருஷம்னு கேட்டேன். "அதெல்லாம் தெரியாது தம்பி, மழை பேஞ்சுச்சு."

உடனே தேட உட்கார்ந்தேன். திருவிழா மட்டுமே நாப்பது இருந்துச்சு. ஒவ்வொண்ணா திறந்தேன், ஒண்ணுலயும் மழை இல்லை. கடைசியா, அழிக்க ஒதுக்கி வச்சதுல தேடினேன். தேர் வருது, மழை கொட்டுது, "சரோ, குடைய எடு"ன்னு ஒரு சத்தம், படம் ஆடுது, அப்படியே நின்னு போகுது. எனக்குக் கண்ணு கலங்கிடுச்சு.

பழைய பேரையே வச்சு அனுப்பிட்டு அக்காகிட்ட மன்னிப்புக் கேட்டேன். பாதியில நின்னதால ஒதுக்கிட்டேன்னு உண்மையைச் சொன்னேன். அக்கா கோவிக்கல. "நான் குடைய எடுக்கல தம்பி. அவருதான் ஓடி வந்து பிடிச்சாரு. அதான் நின்னு போச்சு."

இப்போ எங்க பக்கத்துக்கு ஒரே விதிதான்: எடுத்தவங்க வச்ச பேரை யாரும் தொடக்கூடாது, தேடிக் கிடைக்கலைன்னா முனியாண்டி அண்ணனுக்கு போன் போடணும்.